நடக்கிற குதிரை

சைக்கலுக்குக் குதிரையென்றால் பயம் என்பது அவள் மருமகளாக வந்திறங்கிய அன்றே ஊருக்குத் தெரிந்துபோயிற்று. தொக்மோக் டவுனில் பிறந்தவள். தலைநகர் பிஷ்கெக்கில் ஒரு தையல் கம்பெனியில் மிஷினுக்கு முன்னால் குனிந்தே வளர்ந்தவள். கல்யாணக் கார் ஜும்கால் பள்ளத்தாக்கில் வந்து நின்றதும், வாசலில் கட்டியிருந்த குதிரைகளைப் பார்த்துவிட்டு, முக்காட்டை இறுக்கிப் பிடித்துக்கொண்டு வேலியோரமாக அரைவட்டம் போட்டு வீட்டுக்குள் போனாள். ஓரகத்தி அனாரா விடுவாளா?

"எங்கேயிருந்து புடிச்சாந்தான் இவளை? குதிரைக்கு ஒதுங்கி வழி விடுற கெலினை இந்த ஊரு இப்பத்தான் பாக்குது" என்றாள். கெலின் என்றால் மருமகள். புகுந்த வீட்டில் அவளுக்கு அந்தப் பேர்தான். கூடியிருந்த பெண்கள் வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தார்கள். சைக்கலும் முக்காட்டுக்குள் சிரித்தாள். அனாராவைப் பிடித்துப்போனது அப்போதுதான்.

புருஷன் குபாத்துக்குத் தொழிலே குதிரைதான். கோடை பிறந்தால் வெளிநாட்டுக்காரர்கள் வந்து இறங்குவார்கள். அவர்களைக் குதிரையில் ஏற்றி, கணவாய் தாண்டி, சொங்கோல் ஏரிக்குக் கூட்டிப் போவான். ஏரிக்கரையில் அவர்களுடைய கம்பளிக் கூடாரம் இருந்தது. அங்கே சமையல் சைக்கலுக்கு. சாணி எரிக்கிற அடுப்பில் ரொட்டியும், எண்ணெயில் பொரித்த போர்சோக் மாவுத்துண்டுகளும், ஏரி மீனும், ஆட்டுக்கறியும். முதல் இரண்டு கோடைகளும் அனாராவின் புருஷன், மச்சாண்டார் ஜிர்கலின் பழைய ரஷ்ய ஜீப்பில், சட்டி பானையோடு சட்டி பானையாக, மலையைச் சுற்றிப் போகிற தூரத்துப் பாதையில் போனாள். மூன்றாம் கோடையில் ஜிர்கல் ஜீப்பை உருளைக்கிழங்கு ஏற்றப் பேசிவிட்டார்.

"இந்தத் தடவை நீ குதிரையிலதான் வரணும்" என்றான் குபாத்.

"நான் நடந்து வரேன்."

"கணவாய் தாண்டியா? நீ வந்து சேர்றதுக்குள்ள வெளிநாட்டுக்காரங்க பசியில குதிரையைத் தின்னுடுவாங்க."

சாம்பல் குதிரையைக் கொண்டுவந்து நிறுத்தினான். அந்த ஊரில் குதிரைக்குத் தனியாகப் பேர் வைப்பதில்லை. நிறம்தான் பேர். சாம்பல், செவலை, கறுப்பு. சாம்பல் காயடித்த குதிரை. வயசாகி, வயிறு கொஞ்சம் தொங்கி, கீழுதடு எப்போதும் ஏதோ சொல்ல வந்து மறந்ததுபோலத் தளர்ந்திருக்கும்.

"கடிக்குமா?"

"இதுவா? போன வருஷம் ஒரு ஜெர்மன் பாட்டியம்மா இது கழுத்தைக் கட்டிக்கிட்டு வழி பூரா தூங்கிட்டே வந்துச்சு. இது ஒரு தும்மல்கூடப் போடல."

"உதைக்குமா?"

"அதுக்குச் சோம்பேறித்தனம் விடாது. ஏறு. இடது காலை அங்கவடியில வை. பிடரியைப் பிடி. ஐயோ, லகானை இழுக்காதம்மா, அது வாய். கதவுத் தாழ்ப்பாள் இல்ல."

அவள் ஏறினாள். ஏறியதும் உலகம் கீழே போய்விட்டது. வேலி தாழ்ந்தது, கூரை தாழ்ந்தது, குபாத்தின் தொப்பியின் உச்சி தெரிந்தது. குதிரை மூச்சு விட்டபோது அவளுடைய தொடைகள் இரண்டும் விரிந்து அடங்கின. உயிருள்ள ஒன்றின் மேல் உட்கார்ந்திருக்கிறோம் என்று நினைத்ததும் கண்ணை மூடிக்கொண்டாள்.

"கண்ணைத் திற. கீழ பாக்காத, தரையைப் பாத்தா தரைக்குத்தான் போவ. எங்க போகணுமோ அங்க பாரு. குதிகாலை அழுத்து. அவ்வளவுதான், வேற வித்தை ஒண்ணுமில்ல."

"நின்னுகிட்டே இருக்குதே?"

"'ச்சூ'ன்னு சொல்லு."

"ச்சூ" என்றாள். ரகசியம் சொல்வதுபோல இருந்தது. சாம்பல் காதைத் திருப்பிக் கேட்டுவிட்டு நடக்க ஆரம்பித்தது.

அன்று பொழுது சாயும்வரை நடை. ஏரிக்கரையில் இறங்கியபோது கால்கள் ஒன்றோடொன்று சேரவில்லை. இரண்டு கையையும் இடுப்பில் வைத்துக்கொண்டு அகட்டி அகட்டி நடந்தவளைப் பார்த்து, பக்கத்துக் கூடாரத்திலிருந்து அனாரா கத்தினாள். "குதிரையை எங்க விட்டுட்டு வந்தே கெலின்? உன் காலு ரெண்டும் இன்னும் அதைத் தேடுதே!"

பிறகு பழகிவிட்டது. அந்தக் கோடை முழுக்க ஒவ்வொரு கூட்டத்தோடும் சாம்பலில் போனாள், வந்தாள். சாம்பலுக்கு நடை ஒன்றுதான் தெரியும். வெளிநாட்டுக்காரர்கள் படம் பிடிக்கிற பாறை வந்தால் தானாக நிற்கும். தேநீர் போடுகிற ஓடை வந்தால் நிற்கும். கணவாயின் உச்சியில், போகிறவர்கள் கல் போட்டுப் போட்டுக் குவிந்த மேட்டருகே நிற்கும். எல்லோரும் இறங்கி, மூச்சு வாங்கி, மறுபடி ஏறினால்தான் நகரும்.

"இது குதிரை இல்ல, பஸ்" என்பான் குபாத். "நிறுத்தத்துல நிக்காம போகாது."

அவன் ஏறுவது செவலை. வாலிபக் குதிரை. நிற்கும்போதே ஓடுவதுபோலத் துடிக்கும். மாலையில் வேலையெல்லாம் முடிந்தபின் ஏரிக்கரைப் புல்லில் செவலையை நாலுகால் பாய்ச்சலில் விட்டு, தொப்பியைக் கையில் பிடித்துக்கொண்டு கத்திக்கொண்டே போவான். போகிற சத்தம் முதலில் மண்ணில் கேட்கும், அப்புறம்தான் காதில் கேட்கும். திரும்பி வந்து இறங்கும்போது அவன் மேலும் குதிரையின் மேலும் ஒரே வாடை அடிக்கும்.

"அடுத்த வருஷம் உன்னை இதுல ஏத்துறேன்."

"எனக்கு நடையே போதும்ப்பா. எனக்கென்ன அவசரம்?"

மாமனார் தொக்தோசுன் இதையெல்லாம் தூரத்திலிருந்து பார்த்துக்கொண்டிருப்பார். மருமகளோடு அதிகம் பேசுகிற மனிதர் இல்லை. பெண்டாட்டி செத்து வெகுகாலம் ஆயிற்று. மிச்சமிருந்த பேச்சையெல்லாம் தன்னுடைய கறுப்புக் குதிரையிடம்தான் பேசினார். கறுப்பின் நடை தனி. முதுகு குலுங்காமல் வழுக்கிக்கொண்டு போகும். குமுஸ் நிறைந்த கிண்ணத்தைக் கையில் வைத்துக்கொண்டு கிழவர் ஏரியைப் பாதி சுற்றி வருவார், குதிரைப்பால் ஒரு சொட்டுச் சிந்தியிருக்காது. சந்தைக்குப் போனால் அதை விலைக்குக் கேட்காத ஆள் கிடையாது. கேட்டவர்களை அவர் ஒரு பார்வை பார்ப்பார், அவ்வளவுதான்.

அந்த வருஷம் இலையுதிர் காலம் முந்திக்கொண்டு வந்தது. ஏரிக்கரையில் புல் மஞ்சளாகி, வாத்துகள் கூட்டம் கூட்டமாக எழுந்து போயின. கூடாரங்கள் ஒவ்வொன்றாகக் கழன்றன. தொக்தோசுன் ஆடுகளை ஓட்டிக்கொண்டு கீழே இறங்கினார், அனாராவும் கூடவே போய்விட்டாள். கடைசிக் கூட்டத்து வெளிநாட்டுக்காரர்களை அனுப்பிவிட்டுக் கூடாரத்தைப் பிரித்துக் கட்டிக்கொண்டு வருவதாகக் குபாத் சொல்லியிருந்தான். அவர்கள் போன அன்று அவனுக்கு வயிறு வலித்தது.

"நேத்துக் கறி சரியா வேகல போல."

"நான் நல்லாத்தான் வேகவெச்சேன்."

"உன்னைக் குத்தம் சொல்லல. கறியைக் குத்தம் சொல்றேன்."

உப்பை வறுத்துத் துணியில் கட்டி ஒத்தடம் கொடுத்தாள். கடுந்தேநீர் போட்டுக் கொடுத்தாள், வாந்தியெடுத்தான். மறுநாள் வலி வலது பக்கம் இறங்கிக் குத்தியது. காலை நீட்ட முடியாமல் சுருண்டு கிடந்தான். வெளியே பனி கொட்டியது. ஏரியும் மலையும் வானமும் ஒன்றாகி, அவர்களுடைய கூடாரம் மட்டும் வெள்ளைக்குள் ஒரு கறுப்புப் புள்ளியாக நின்றது. கரையில் வேறு புகையே கிடையாது. போனுக்கு அங்கே எப்போதும் சிக்னல் வராது.

பனி நின்ற காலையில் அவன் உடம்பு நெருப்பாகக் கொதித்தது.

"சைக்கல். நீ போய் யாரையாச்சும் கூட்டியா."

"உன்னைத் தனியா விட்டுட்டா?"

"நான் எங்கயும் ஓடிட மாட்டேன்." சிரிக்கப் பார்த்தான். "செவலையில போ. அதுதான் சீக்கிரம்."

செவலையைப் பிடித்துச் சேணம் போட்டாள். வயிற்றுவாரை இறுக்கும்போதே அது சுற்ற ஆரம்பித்தது. அங்கவடியில் காலை வைத்தாள், அது நகர்ந்தது, ஒற்றைக்காலில் நொண்டிக்கொண்டு கூடவே போனாள். ஏறி உட்கார்ந்த நொடியில் முன்னங்காலைத் தூக்கியது. முதுகு பனியில் அடித்து விழுந்தாள்.

"என்ன சத்தம்?" உள்ளேயிருந்து குபாத்.

"ஒண்ணுமில்ல. சேணம் நழுவிடுச்சு."

மறுபடி ஏறப் போனாள். அவளுடைய பயம் லகான் வழியாகக் குதிரைக்குப் போய் அது விலகி விலகிப் போயிற்று. முடியவில்லை. உள்ளே வந்து அவன் பக்கத்தில் உட்கார்ந்தாள். அவனுக்குத் தெரிந்துவிட்டது.

"சரி விடு. சாம்பலை எடுத்துக்க. அது உன்னைக் கொண்டுபோய்ச் சேத்துடும்." கண்ணை மூடிக்கொண்டே சொன்னான். "மெதுவாவே போ. பனியில வழுக்கும்."

காய்ந்த சாணியைக் கைக்கெட்டுகிற தூரத்தில் அடுக்கினாள். தண்ணீர், தேநீர்க் குடுவை, அவனுடைய ஆட்டுத்தோல் கோட்டு. தன் கம்பளிச் சால்வையையும் எடுத்து அவன் மேல் போட்டாள். பிறகு சாம்பலில் ஏறி, "ச்சூ" என்றாள்.

சாம்பல் நடந்தது.

குதிகாலால் அடித்தாள். நடந்தது. சாட்டையால் அடித்தாள். நாலு எட்டு ஓடுவதுபோலக் குலுங்கிவிட்டு மறுபடி நடந்தது. படம் பிடிக்கிற பாறை வந்தது. பாறையும் தெரியவில்லை, பனிதான் மேடாக நின்றது. ஆனாலும் சாம்பலுக்குத் தெரிந்தது. நின்றது.

"போ! இங்க யாரும் இல்ல. போயேன்!" என்று கத்தினாள். கழுத்தைத் திருப்பி அவளைப் பார்த்தது. இறங்கி, லகானைப் பிடித்து இழுத்துக்கொண்டு பனியில் நடந்தாள். கொஞ்சதூரம் போனதும் அதுவாக வந்தது. மறுபடி ஏறினாள். கணவாய் ஏற்றத்தில் குதிரைக்கு நெஞ்சளவு பனி. ஒரு சரிவில் அது முட்டிக்கால் போட, அவள் தலைகுப்புறப் போய் விழுந்தாள். எழுந்து கண்ணைத் துடைத்துப் பார்த்தபோது சாம்பல் விழுந்த இடத்திலேயே எழுந்து நின்றுகொண்டிருந்தது. லகான் பனியில் கிடந்தது. ஓடியிருக்கலாம். ஓடவில்லை.

உச்சியில், கல்மேட்டருகே, சிக்னல் கிடைக்கும். குபாத்தின் போனைக் கோட்டுக்குள்ளிருந்து எடுத்தாள். குளிரில் செத்திருந்தது. வாயால் ஊதினாள், அக்குளில் வைத்துப் பார்த்தாள். சாம்பல் பக்கத்தில் நின்று, எல்லோரும் மூச்சு வாங்கி முடிக்கட்டும் என்று காத்திருந்தது.

ஓடையிலும் நின்றது. அங்கே அவள் அடிக்கவில்லை. அதன் கழுத்தில் முகத்தை வைத்து அழுதாள். பிறகு இரண்டு பேரும் இறங்கினார்கள்.

ஊருக்குள் வந்தபோது விளக்குப் போடும் நேரம். ஜிர்கல் அன்றைக்கென்று கிழங்கு மூட்டையோடு ஜீப்பில் கொச்கோர் சந்தைக்குப் போயிருந்தார். தொக்தோசுன் அவள் சொன்னதைப் பாதி கேட்கும்போதே கறுப்புக்குச் சேணம் போட்டுவிட்டார். ஊரில் நாலைந்து பேர் அவர் பின்னால் ஏறினார்கள். ஆனால் கறுப்பின் நடைக்கு யாராலும் ஈடுகொடுக்க முடியவில்லை. கிழவர்தான் தனியாக முதலில் போய்ச் சேர்ந்தார்.

மறுநாள் மகனைக் கொண்டுவந்தார்கள். பாதை திறந்த இடம்வரை குதிரையில், அப்புறம் ஜீப்பில். தொக்தோசுன் இறங்கி, வாசலில் நின்ற மருமகளிடம் வந்தார். கல்யாணமாகி வந்ததிலிருந்து அவளிடம் அவ்வளவு நேரம் அவர் பேசியதே இல்லை.

"நீ கிளம்பின கொஞ்ச நேரத்துலயே போயிருப்பான் தாயி. நான் போனப்ப சில்லிட்டுக் கெடந்தான். நீ பறந்து வந்திருந்தாலும் ஒண்ணும் ஆயிருக்காது. கேட்டுக்க. ஒண்ணும் ஆயிருக்காது."

அவள் கேட்டுக்கொண்டாள்.

வீட்டுக்குப் பக்கத்தில் கம்பளிக் கூடாரம் எழுப்பி அதற்குள் குபாத்தைக் கிடத்தினார்கள். சைக்கல் கறுப்பு உடுத்தி, வாசலுக்கு முதுகைக் காட்டி, சுவரைப் பார்த்து உட்கார்ந்தாள். பொண்டாட்டிக்காரி அடக்கம் முடியும்வரை அங்கேயிருந்து எழுந்திருக்கக்கூடாது. உட்கார்ந்து ஒப்பாரி சொல்ல வேண்டும். அக்கம்பக்கத்து ஊர்களிலிருந்து ஆண்கள் குதிரையிலும் காரிலும் வந்தார்கள். தூரத்திலேயே இறங்கி, இடுப்பைப் பிடித்துக்கொண்டு, "என் ஈரக்குலையே! ஈரக்குலையே!" என்று அலறிக்கொண்டு ஓடிவந்தார்கள். ஒவ்வொரு அலறலுக்கும் உள்ளேயிருந்து பெண்கள் பாட்டாக அழுது பதில் சொன்னார்கள். சைக்கலுக்கு ஒப்பாரி வரவில்லை. டவுனில் யார் சொல்லிக் கொடுத்தார்கள்? வெறுமனே விம்மிக்கொண்டிருந்தாள்.

"கல்லு மாதிரி இருக்கா பாரு" என்று பின்னால் ஒருத்தி முணுமுணுத்தாள். "மலைக்காரப் பொண்ணா இருந்தா உச்சிப்பொழுதுக்கே வந்து சேந்திருப்பா. குதிரை ஓட்டத் தெரியாதவளைக் கட்டினா..."

"வாயை மூடிக்கிட்டு மாவைப் பெசை" என்றாள் அனாரா.

இரண்டாம் நாள் கூடாரத்துக்கு வெளியே, கம்பளிச் சுவருக்கு அந்தப்பக்கம், ஆண்கள் பேசுவது கேட்டது. வந்த சனத்துக்குச் சாப்பாடு போட வேண்டும், ஒரு குதிரையை அறுக்க வேண்டும். எதை அறுப்பது என்று பேச்சு.

"சாம்பலை அறுத்துடலாம்" என்றார் ஜிர்கல். "வயசாச்சு. கொழுப்பும் இருக்கு."

"வெளிநாட்டுக்காரங்க ஏறுறதுக்கு அது ஒண்ணுதானேப்பா நல்ல பதமான குதிரை?" என்றார் யாரோ ஒரு சித்தப்பா. "மெதுவாப் போகும்."

"மெதுவா!" ஜிர்கலின் குரல் உடைந்தது. "அந்த மெதுவாலதான் என் தம்பி இங்க கெடக்கான். விடியக் கிளம்பி இருட்டுறப்ப வந்து சேருது. அது குதிரையா? அப்பா, நீங்க போய்த் தொட்டப்ப அவன் கை இன்னும் சூடா இருந்துச்சுன்னு என்கிட்ட சொன்னீங்களா இல்லையா? சூடா இருந்துச்சுன்னு சொன்னீங்களே!"

"வாயை மூடு" என்றார் தொக்தோசுன்.

பிறகு கயிற்றை அவிழ்க்கிற சத்தம். குளம்படி. சைக்கலுக்கு அந்தக் குளம்படியை எங்கேயும் தெரியும். அவசரமில்லாமல், ஒவ்வொரு காலாக, கூடாரத்தின் சுவரையொட்டி நடந்து போனது.

உள்ளே அவள் வாய் திறந்தது. என்ன வரப்போகிறதென்று அவளுக்கே தெரியாது. மெட்டும் சரியில்லை. ஆனால் சத்தம் பெரிதாக வந்தது.

"மெதுவாப் போன்னு சொன்னியே, என் மலையே,
மெதுவாத்தானே நான் வந்தேன்.
ஓடத் தெரியாத குதிரை மேலே
ஓட்டத் தெரியாத நான் வந்தேன்.
நீ நிறுத்திப் பழக்கின எடத்திலெல்லாம்
உன் கையைத் தேடி நின்னுச்சே.
விழுந்த எடத்துல என்னை விட்டுட்டுப் போகாம
விடிஞ்சு அடையிறமட்டும் சுமந்துச்சே.
செவலை ஏறத் தெரியாத பாவி இங்கிருக்க
சாம்பல் என்னய்யா செஞ்சுச்சு?
அறுக்கிறதுன்னா என்னை அறுங்க, என் ஐயா,
சுமந்ததை அறுத்தா தொண்டையில எறங்குமா?"

கூடாரத்துக்குள் மற்றப் பெண்களின் அழுகை நின்றுவிட்டது. மாமனார் வீட்டு ஆம்பளைகளுக்கு முன்னால் கெலின் குரலை உயர்த்தக்கூடாது. ஆனால் ஒப்பாரியை யாரும் நிறுத்தவும் கூடாது. அனாரா சட்டென்று அவள் தோளைப் பிடித்துக்கொண்டு, அவளுடைய கடைசி அடியைத் தானும் பாடினாள்.

வெளியே ஜிர்கல் சொன்னார். "இவ புருஷனுக்கு அழுறாளா, குதிரைக்கு அழுறாளா?"

"ரெண்டுக்கும்தான் அழுறா" என்றார் தொக்தோசுன். "கயிறைக் குடு இப்படி."

சாம்பலின் குளம்படி திரும்பி, வந்த வழியே போனது. கொஞ்ச நேரம் கழித்து வேறொரு குளம்படி கேட்டது. வேகமான, சன்னமான, மண்ணில் பட்டும் படாமலும் போகிற நடை. ஆண்கள் நாலைந்து பேர் ஒரே நேரத்தில் பேசினார்கள்.

"வேண்டாம் ஐயா!"

"அப்பா! உங்க குதிரையா? உங்களுக்குப் பைத்தியமா?"

"இது வேகமான குதிரைதானேடா?" என்றார் கிழவர். "வேகமாப் போய் நான் என்னத்தைக் கொண்டாந்தேன்? புடி தலையை. நல்லா கெட்டியாப் புடி. அது பயந்துடக்கூடாது."

சைக்கல் காதைப் பொத்திக்கொண்டாள். அனாரா அவள் கைகளின் மேல் தன் கைகளை வைத்து இன்னும் அழுத்தினாள்.

அடக்கத்துக்கு ஆண்கள் மட்டும்தான் போனார்கள். இடுகாடு ஊருக்கு மேலே மேட்டில் இருந்தது. திரும்பி வந்து, வட்டம் வட்டமாக உட்கார்ந்து, பெரிய தட்டுகளில் வேகவைத்த மாவும் கறியும் வைத்துக் கையால் அள்ளிச் சாப்பிட்டார்கள். சைக்கலுக்கு முன்னாலும் ஒரு கிண்ணம் வந்தது. சாப்பிடாமல் இருப்பது செத்தவனுக்கு அவமரியாதை. ஒரு துண்டை வாயில் போட்டு மென்றாள். கறி நன்றாக வெந்திருந்தது. அது விழுங்க முடிகிறதாக இருந்ததுதான் அவளால் தாங்க முடியவில்லை.

பாத்திரம் கழுவுகிற இடத்தில் அனாரா மெல்லச் சொன்னாள். "எங்க வீட்டுக்காரரு மேல கோவம் வெச்சுக்காத. ஜீப்பு கொச்கோர்ல நின்னுச்சு. வந்த வெலையே போதும்னு வித்துட்டு முன்னாடியே வந்திருக்கலாம். வெலை ஏறட்டும்னு நின்னுருக்காரு. ராத்திரி பூரா ஜீப்புக்குள்ள போய் உக்காந்துக்கிறாரு. கதவைத் தொறக்க மாட்டேங்கறாரு."

"கோவமில்லக்கா" என்றாள் சைக்கல். யார் மேல் கோபப்படுவது என்றுதான் தெரியவில்லை.

அதன்பிறகு தொக்தோசுன் நடந்தார். பிறந்ததிலிருந்து அடுத்த தெருவுக்குக்கூடக் குதிரையில் போன மனிதர் இப்போது கையைப் பின்னால் கட்டிக்கொண்டு, வளைந்த கால்களோடு, கடைக்கும் மசூதிக்கும் நடந்து போவதை ஊர் ஜன்னல் வழியாகப் பார்த்தது. சைக்கல் ஒருநாள் சாம்பலுக்குச் சேணம் போட்டுக் கொண்டுபோய் அவர் முன்னால் நிறுத்தினாள்.

"ஏறிக்கங்க மாமா."

"அது பொழைப்புக் குதிரை. அது மேல நான் சும்மா உக்காந்து சுத்தவா? கொண்டுபோய்க் கட்டு."

குளிர்காலம் முழுக்கப் பனி. பனி இளகி, வயல் கறுத்து, வசந்தம் வந்தபோது சைக்கல் செவலையை அவிழ்த்துக்கொண்டு போன வருஷம் அறுத்துக் கிடந்த கோதுமை வயலுக்குப் போனாள். முதல் நாள் ஏறவே விடவில்லை. மறுநாள் ஏறினாள், விழுந்தாள். உதடு கிழிந்து வீட்டுக்கு வந்தவளைப் பார்த்து அனாராவுக்கு ஆத்திரம் வந்தது.

"என்னடி பண்ற? அவனைத் தேடிக்கிட்டு நீயும் போகப் போறியா? இப்ப ஓட்டிக் கத்துக்கிட்டு யாரைக் காப்பாத்தப் போற?"

"தெரியலக்கா."

"அப்ப விடேன்."

"முடியலக்கா."

அனாரா அவள் உதட்டில் ஆட்டுக் கொழுப்பைத் தடவிவிட்டு, மறுநாள் தானும் வயலுக்கு வந்தாள். வேலிமேல் உட்கார்ந்துகொண்டு, "தோளை இறக்கு! கோழி மாதிரி கையை விரிக்காத!" என்று கத்தினாள். சைக்கல் விழுந்தாள், ஏறினாள். ஒருநாள் செவலை பாயத் தொடங்கியபோது அவள் லகானை இழுக்கவில்லை. பிடரிக்கு மேல் குனிந்து, வயலின் அந்தக் கோடியைப் பார்த்தாள். குலுக்கல் நின்று, எல்லாம் ஒரே மூச்சாக ஆயிற்று. வேலிமேல் அனாரா கத்துவது ரொம்ப தூரத்தில் கேட்டது. குபாத் ஏன் அப்படிக் கத்திக்கொண்டு போவான் என்று அப்போது புரிந்தது. அவளுக்குக் கத்த வரவில்லை.

கோடையில் மறுபடி ஏரிக்கரையில் கூடாரம் போட்டார்கள். வெளிநாட்டுக்காரர்கள் வர இன்னும் சில நாள் இருந்தது. ஒரு காலை, வெளிச்சம் வரும்போதே, சைக்கல் எழுந்து செவலைக்குச் சேணம் போட்டாள். எங்கே என்று அனாரா பாதித் தூக்கத்தில் கேட்டாள்.

"உப்பு தீந்துபோச்சு. ஊருக்குப் போய்ட்டு வரேன்."

"உப்பு இருக்கே? மூட்டையிலயே இருக்கே?"

அதற்குள் போய்விட்டாள். கரைப் புல்லில் செவலையைப் பாய விட்டாள். படம் பிடிக்கிற பாறை எப்போது கடந்தது என்று தெரியவில்லை. கணவாய் ஏற்றத்தில் வழியைக் குதிரையே தேர்ந்தெடுக்க விட்டாள். உச்சியில் நிற்கவில்லை. இறக்கத்தில் பின்னால் சாய்ந்து, ஓடையைத் தாவிக் கடந்து, பள்ளத்தாக்கின் சமவெளி வந்ததும் மறுபடி பாய்ச்சல். காற்றில் கண்ணீர் காதுக்குப் போயிற்று. அது காற்றால்தான்.

ஊருக்குள் நுழைந்தபோது ஊர் அப்போதுதான் விழித்திருந்தது. பெண்கள் பால் கறந்த வாளிகளோடு போய்க்கொண்டிருந்தார்கள். பசுக்களை இன்னும் மேய்ச்சலுக்கு ஓட்டவில்லை. மலையைத் தாண்டித் தாமதமாக வருகிற வெயில் நெட்டிலிங்க மரங்களின் நுனியில் மட்டும் இருந்தது. வாசலில் இறங்கி, அந்த வெயிலைப் பார்த்துக்கொண்டு நின்றாள். அது இன்னும் கொஞ்சம்கூடக் கீழே இறங்கவில்லை. அன்றைக்குப் பனி இருந்தது, குதிரைக்கு நெஞ்சளவு பனி, யார் வந்திருந்தாலும் இவ்வளவு சீக்கிரம் வந்திருக்க முடியாது என்று தனக்குத்தானே சொல்லிப் பார்த்தாள். அது உண்மைதான். ஆனால் வெயில் மர நுனியிலேயே நின்றது.

கதவு திறந்து தொக்தோசுன் வெளியே வந்தார். மருமகளைப் பார்த்தார். நுரை தள்ளி, விலா எழுந்து எழுந்து அடங்க நின்ற குதிரையைப் பார்த்தார். பிறகு அவரும் தலையைத் தூக்கி மரங்களைப் பார்த்தார்.

"இவ்வளவு கிட்டவா மாமா?" என்றாள் அவள். "இவ்வளவு கிட்டத்துலயா இருந்தோம்?"

அவர் வந்து செவலையின் வயிற்றுவாரைத் தளர்த்தினார். அதன் கழுத்து வியர்வையை உள்ளங்கையால் வழித்து உதறினார்.

"உடனே தண்ணி காட்டிடாத" என்றார். "ஆறட்டும். நடத்து."

அவள் லகானைப் பிடித்துக்கொண்டு வாசலைச் சுற்றி நடந்தாள். அவரும் குதிரைக்கு அந்தப்பக்கம் கையைப் பின்னால் கட்டிக்கொண்டு கூடவே நடந்தார். குதிரையின் மூச்சு அடங்கி, மேல் வியர்வை காய்ந்து, வெயில் வாசலுக்கு வந்து சேரும்வரை இரண்டு பேரும் சுற்றிச் சுற்றி நடந்துகொண்டிருந்தார்கள்.